ஃப்ரேமுக்குள் வந்த சீமைக் கருவேலம்

வாசகர் கேள்வி – பதில்

பழைய காலத்துக் கதைகளை எங்கே, எப்படிப் படமாக்குவது என்று போன இதழில் இரண்டு வரி எழுதினேன். அதைப் பிடித்துக்கொண்டு இத்தனை பேர் எழுதுவீர்கள் என்று எதிர்பார்க்கவில்லை. ஆர்ட் டிபார்ட்மென்ட்டில் உதவியாளனாக ஊர் ஊராக அலைந்தவன் என்பதால் எனக்கு ரொம்பப் பிடித்த விஷயம் இது. இந்த முறை பக்கம் முழுக்க இதுதான்.

1930களில் ராமநாதபுரம் பக்கம் ஒரு கிராமத்தில் நடக்கிற கதை எழுதி வைத்திருக்கிறேன். அடுத்த மாதம் லொக்கேஷன் பார்க்கப் போகிறோம். முதலில் எதைப் பார்க்கணும் சார்?
– வாசகர், வளசரவாக்கம்

வீட்டைப் பார்க்காதீர்கள், செடியைப் பாருங்கள். எல்லாரும் பழைய வீடு, பழைய கோயில், கல் மண்டபம் என்று தேடிப் போய், கிடைத்த சந்தோஷத்தில் அட்வான்ஸ் கொடுத்துவிட்டு வந்துவிடுகிறார்கள். எங்களுக்கும் ஒரு தடவை அப்படித்தான் ஆனது. கண்மாய்க் கரை, கரைமேல் அய்யனார், மண் குதிரைகள், பின்னால் ஓலை வேய்ந்த பத்துப் பன்னிரண்டு வீடு என்று எல்லாம் கேட்டமாதிரியே அமைந்திருந்தது. முதல் நாள் காலையில் கேமராமேன் வைட் ஷாட் வைத்துப் பார்த்துவிட்டு என்னைக் கூப்பிட்டார். அடிவானம் முழுக்க, ஒரு விரற்கடை இடம்கூட விடாமல், சீமைக் கருவேலம்.

அது அமெரிக்கக் கண்டத்து மரம். 19ஆம் நூற்றாண்டிலேயே இந்தியாவுக்குள் வந்துவிட்டது என்றாலும், நம் வறண்ட மாவட்டங்களில் இப்படிக் கண்மாய், ஓடை, தரிசு என்று எல்லாவற்றையும் மூடியது 1950களுக்குப் பிறகுதான். 1930ல் அந்த மண்ணில் பனை, குடைபோல் விரிந்த உடைமரம், வேம்பு, ஆவாரை, நம்ம நாட்டுக் கருவேலம் இதெல்லாம்தான் தெரிந்திருக்கும், நடுவில் வெட்டவெளி நிறைய இருந்திருக்கும். அந்த வெட்டவெளிதான் அந்தக் காலத்து ராமநாதபுரம். இப்போது அது கிடைப்பதுதான் கஷ்டம்.

இரண்டு கருவேலத்துக்கும் வித்தியாசம் தெரியாமல் நிறைய பேர் குழம்புகிறார்கள். நாட்டுக் கருவேலத்தின் பூ மஞ்சள் நிறத்தில் உருண்டையாக, சின்னப் பஞ்சு உருண்டை மாதிரி இருக்கும். காயைப் பார்த்தால் மணி மணியாகக் கோத்த மாலை போல ஒவ்வொரு விதைக்கும் இடையே இடுங்கியிருக்கும். சீமைக் கருவேலத்துக்குப் பூ நீளக் கதிராகத் தொங்கும், காய் வழவழவென்று மஞ்சளாக இருக்கும், ஆடு விரும்பித் தின்னும், அப்படித்தான் அது பரவுவதும்.

சரி, இருக்கிற இடத்தில் என்ன செய்வது? நீங்களாக ஆள் வைத்து வெட்டாதீர்கள். அந்தப் பக்கம் இந்த மரத்தை வெட்டி மூட்டம் போட்டுக் கரி எடுத்துப் பிழைக்கிற குடும்பங்கள் உண்டு. ஊராட்சியில் பேசி, அவர்கள் அந்த வருடம் வெட்டப்போகிற பக்கத்தைத் தெரிந்துகொண்டு, உங்கள் தேதியை அதற்குப் பின்னால் தள்ளி வையுங்கள். மின்கம்பத்தையும் செல்போன் கோபுரத்தையும் சி.ஜி.யில், அதாவது கம்ப்யூட்டர் கிராபிக்ஸில், அழித்துவிடலாம், அசையாமல் நிற்கிற பொருள்தானே. காற்றில் ஆடுகிற ஒரு காட்டை அழிக்க உங்கள் பட்ஜெட் தாங்காது.

தஞ்சாவூர் பக்கம் 1940களின் வயல் வேண்டும். எந்த மாதம் போகலாம்?
– வாசகி, நங்கநல்லூர்

வழக்கமாக ஜூன் 12ல் மேட்டூர் திறப்பார்கள், ஆனால் அணையில் தண்ணீர் இருப்பைப் பொறுத்து அது முன்பின் ஆகும். கண்ணுக்கெட்டிய தூரம் பச்சை வேண்டுமென்றால் சம்பாப் பட்டத்தில், நவம்பர் கடைசியிலிருந்து டிசம்பர் வரை போங்கள். வடகிழக்கு மழை நடுவில் குறுக்கிடும், அதற்கும் சேர்த்து நாள் போட்டுக்கொள்ளுங்கள். அறுவடைக் காட்சி என்றால் பொங்கலை ஒட்டி.

அம்மா, மாதத்தைவிட முக்கியமான ஒன்று இருக்கிறது. பயிரின் உயரம். 1966ல் ஐ.ஆர்.8 வந்த பிறகு குட்டை ரகங்கள்தான் எங்கும். இன்றைக்கு வயல் வரப்பில் ஒரு ஆளை நிறுத்தினால் பயிர் தொடைக்குக்கூட வராது. 1940ல் ஒட்டடம், மாப்பிள்ளைச் சம்பா மாதிரி நெடுநெடுவென்று வளர்கிற ரகங்கள். மாப்பிள்ளைச் சம்பா ஐந்தடிக்கு மேல் போகும். பயிருக்குள் இறங்கினால் ஆள் மார்பு வரை காணாமல் போவார். காற்று அடித்தால் ஒரே பக்கமாகச் சாய்ந்து படுத்துவிடும். காதலர்கள் வயலுக்குள் ஒளிந்து பேசுகிற காட்சியை எல்லாம் அந்தக் காலத்துக் கதைகளில் படிக்கிறோமே, அது இந்த உயரத்தை நம்பித்தான்.

ஆகவே மாப்பிள்ளைச் சம்பா போடுகிற இயற்கை விவசாயிகளை ஆகஸ்டிலேயே தேடிப் பிடியுங்கள். அது 160 நாள் பயிர், டிசம்பரில் போய்க் கேட்டால் நடக்காது. கேமராவுக்கு முன்னால் இரண்டு வயல் நெடும்பயிர் இருந்தால் போதும், பின்னால் தூரத்தில் குட்டை ரகம் இருந்தாலும் கண் கண்டுபிடிக்காது. நடவையும் கையால் நடச் சொல்லுங்கள், இயந்திரம் நட்ட வயலில் வரிசை நூல் பிடித்தமாதிரி ஓடி காட்டிக்கொடுத்துவிடும்.

மாடும் அப்படித்தான். கறுப்பும் வெள்ளையுமாகக் கலப்பினப் பசு ஒன்று குறுக்கே நடந்தால் 1940 முடிந்தது. டெல்டாவுக்கு உம்பளாச்சேரி மாடு. கொம்பைத் தீய்த்துவிடுகிற வழக்கத்தால் மொட்டை மாடு என்றே அதைச் சொல்வார்கள். காங்கேயம் காளை கம்பீரமாக இருக்கிறது என்று அதைக் கொண்டுபோய் நாகப்பட்டினத்துச் சேற்றில் ஏர் பூட்டாதீர்கள், அந்த ஊர்க்காரர்கள் தியேட்டரில் மனம் வருந்துவார்கள்.

பீரியட் படம் என்றாலே காரைக்குடிதானா? வேறு ஊரே இல்லையா?
– வாசகர், திருவல்லிக்கேணி

காரைக்குடி மேல் எனக்கு எந்தக் குறையும் இல்லை. கானாடுகாத்தான் தெருவில் காலை ஆறரை மணி வெயிலில் நின்று பார்த்தவர்களுக்கு அது தெரியும். 1900லிருந்து 1940 வரையிலான கதை, அதுவும் பர்மா, மலேயா, இலங்கை என்று கொண்டுவிற்கப் போன நகரத்தார் குடும்பத்துக் கதை என்றால் அதைவிடப் பொருத்தமான இடம் உலகத்திலேயே கிடையாது. பர்மாத் தேக்குத் தூண், முகப்பு, வளவு, இரண்டாம் கட்டு என்று வாசலிலிருந்து கதவுகளை ஒன்றன்பின் ஒன்றாகத் திறந்தால் அடுத்த தெரு வரை நேர்கோட்டில் பார்வை போகும். ஒரு வசதியும் உண்டு: பின்வாசல் இன்னொரு தெருவில் இருப்பதால் ஜெனரேட்டர், சாப்பாட்டு வண்டி எல்லாம் அந்தப் பக்கம் நின்றுவிடும்.

தப்பு எங்கே நடக்கிறது என்றால், 1800ல் திருநெல்வேலிச் சீமையில் ஒரு பாளையக்காரர் வீடு என்று சொல்லிவிட்டு அங்கே போய் எடுப்பதில்தான். அந்த வீடுகளின் தரையில் பதித்திருக்கும் ஆத்தங்குடிப் பூக்கல் 20ஆம் நூற்றாண்டின் சரக்கு. கண்ணாடி மேல் வண்ணத்தை ஊற்றி, பின்னால் சிமென்ட் போட்டு வார்க்கிறார்கள். சிமென்ட்டே இல்லாத காலத்துப் பாளையக்காரர் அதன் மேல் நடக்க முடியாது.

கூரையும் அப்படி. சீமை ஓடு, அதாவது தட்டையாக ஒன்றோடொன்று கவ்விக்கொள்கிற மங்களூர் ஓடு, 1865ல் பாசல் மிஷன் என்ற கிறிஸ்தவ மிஷனரி அமைப்பினர் மங்களூரில் தொழிற்சாலை வைத்த பிறகு பரவியது. அதற்கு முந்தைய கதை என்றால் கூரையில் நாட்டு ஓடுதான், அரைக் குழாய் மாதிரி வளைந்து, ஒன்றின் மேல் ஒன்று கவிழ்த்து அடுக்கியது. இன்னமும் கும்பகோணம் பக்கத்து அக்ரகாரங்களில், கல்லிடைக்குறிச்சித் தெருக்களில் அது மிச்சமிருக்கிறது, வருடா வருடம் குறைந்துகொண்டே வருகிறது, சீக்கிரம் போய்ப் பாருங்கள்.

ஐரோப்பிய வியாபாரிகள் வருகிற கதையா? தரங்கம்பாடி. 1620ல் டேனிஷ்காரர்கள் கட்டத் தொடங்கிய கோட்டை கடலைப் பார்த்து நிற்கிறது. 1845ல் ஆங்கிலேயர்களுக்கு விற்றுவிட்டுப் போகும்வரை அவர்கள் ஊர். சென்னையிலிருந்து காலையில் போய் மாலையில் திரும்பணும் என்றால் பழவேற்காடு இருக்கிறது, டச்சுக்காரர்களின் கல்லறைத் தோட்டம், அந்தி நேரத்து ஏரி. ஆனால் ஏரிக்கு மறுபக்கம் வட சென்னை மின்நிலையப் புகைபோக்கிகள் தெரியும், கேமராவை எந்தப் பக்கம் திருப்புவது என்பதை முதலிலேயே தீர்மானித்துக்கொள்ளுங்கள்.

பழைய மவுண்ட் ரோடை இன்றைக்கு மவுண்ட் ரோட்டிலேயே எடுக்க முடியுமா?
– வாசகர், தாம்பரம்

முடியாது. செட்தான். எல்.ஐ.சி. கட்டடம் 1959ல் வந்தது, அதற்கு முந்தைய கதை என்றால் வானத்தில் அதுவும் இருக்கக்கூடாது. டிராம் 1895லிருந்து 1953 வரை ஓடியது, அதையும் செய்துதான் ஆகவேண்டும். சின்னப் படம் என்றால் வீதியை மறந்துவிட்டு ஒரு கதவு, ஒரு படிக்கட்டு, ஒரு தாழ்வாரம் என்று நெருக்கமாக எடுங்கள். அரண்மனைக்காரன் தெருவில் 1772ல் கட்டிய ஆர்மீனியன் தேவாலயத்தின் முற்றம், ஜார்ஜ் டவுனின் ஞாயிற்றுக்கிழமைக் காலை, இவற்றை ஒரு நடை போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள்.

கல்லூரிக் குறும்படம். 1968ல் ஒரு டீக்கடை. பணம் குறைவு. எங்கே தப்பு வரும்?
– மாணவி, அண்ணா நகர்

போர்டில் வரும். 1978 எழுத்துச் சீர்திருத்தத்துக்கு முன்னால் லை, ளை, ணை, னை எல்லாம் யானைத் துதிக்கை மாதிரி மேலே ஒரு சுழியோடு எழுதப்பட்டன. ணா, றா, னா மூன்றும் காலை இழுத்து வளைத்த எழுத்துகள். இன்று கம்ப்யூட்டரில் அடித்து ஒட்டினால் "விலைப்பட்டியல்" என்ற ஒரே சொல்லில் பத்து வருடப் பிழை. கையால் எழுதுகிற பெயின்டர் ஒரு அறுபது, அறுபத்தைந்து வயதுக்காரரைப் பிடியுங்கள், அவர் விரலுக்கே அது தெரியும், நான் பார்த்திருக்கிறேன், யோசிக்காமல் தூரிகையைச் சுழிப்பார்.

அப்புறம், முகவரியில் பின்கோடு போடாதீர்கள், அது 1972ல் வந்தது. 'தமிழ்நாடு' என்று மாநிலப் பெயர் 1969 ஜனவரியில்தான் சட்டப்படி மாறியது, அதனால் அரசு அறிவிப்புப் பலகை ஏதாவது வந்தால் 'சென்னை மாநிலம்' அல்லது 'மெட்ராஸ்'. காசு 1957லேயே பைசாவுக்கு மாறிவிட்டது, இருந்தாலும் டீக்கடையில் உட்கார்ந்திருக்கும் பெரியவர் அணாக் கணக்கில்தான் பேசுவார், அவரை அப்படியே பேச விடுங்கள்.

கோயில், கோட்டை, பழைய வீடு இதற்கெல்லாம் அனுமதி வாங்குவது எப்படி?
– உதவி இயக்குநர், போரூர்

மத்தியத் தொல்லியல் துறையின் கையில் இருக்கிற சின்னம் என்றால் அவர்களிடம் முன்கூட்டியே எழுதி வாங்கணும், கடைசி வாரத்தில் ஓடாதீர்கள். செஞ்சிக் கோட்டை 2025ல் யுனெஸ்கோ பட்டியலுக்குப் போய்விட்டது, அங்கே இன்னும் நிதானமாக நாள் போடுங்கள். வழிபாடு நடக்கிற கோயில் என்றால் அறநிலையத்துறை தனி. குதிரை, மாடு, ஆடு எது ஃப்ரேமில் வந்தாலும் விலங்குகள் நல வாரியத்தின் முன் அனுமதி வேண்டும். அதன் தலைமை அலுவலகம் முன்பு நம் சென்னையில்தான் இருந்தது, இப்போது ஹரியானாவில் பல்லப்கர்.

தனியார் வீட்டுக்கு அனுமதி சுலபம், பொறுப்புதான் பெரிது. செட்டிநாட்டு வீடு ஒன்றில் ஐந்து நாள் எடுத்தோம். சுண்ணாம்போடு முட்டையின் வெள்ளைக்கருவெல்லாம் சேர்த்துத் தேய்த்து மெருகேற்றிய சுவர், கன்னத்தை வைத்தால் குளிரும். எங்கள் பையன் ஒருவன் ஒயரை டேப் போட்டுச் சுவரில் ஒட்டிவிட்டான். பேக்கப் ஆனதும் பிடுங்கினான், உள்ளங்கை அளவுக்குப் பூச்சு கூடவே வந்துவிட்டது. வீட்டு ஆச்சி கோபப்படவில்லை. அந்த இடத்தைக் கட்டைவிரலால் தடவிப் பார்த்துவிட்டு, "இதப் பூசத் தெரிஞ்ச ஆளு இப்ப ஊருல இல்லையே தம்பி" என்றார். வேறு ஊரிலிருந்து கொத்தனார் ஒருவரை வரவழைத்து ஒட்டுப் போட்டோம். நிறம் சேரவில்லை. இன்றைக்குப் போனாலும் அது தெரியும், நான் போகிறபோதெல்லாம் அந்தச் சுவர்ப் பக்கம்தான் முதலில் கண் போகிறது.

அதற்குப் பிறகு நாங்கள் ஒயரை ஸ்டாண்டு வைத்துத்தான் கொண்டு போகிறோம், சுவரில் எதையும் ஒட்டுவதில்லை. நீங்கள் ஒப்பந்தம் போடும்போது வாடகையோடு பழுதுபார்க்க ஒரு தொகையைத் தனியாக எழுதுங்கள், உள்ளே நுழையும் முன் ஒவ்வொரு அறையையும் வீட்டுக்காரரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு போட்டோ எடுங்கள், நகர்த்திய சாமானை அந்தப் போட்டோவைப் பார்த்து அதே இடத்தில் வைத்துவிட்டு, அவர் சரி என்று சொன்ன பிறகு வண்டியைக் கிளப்புங்கள்.