வாசகர் கேள்வி – பதில்: ஓடையைப் படமெடுக்கும் மகள்

கேள்வி: சுங்கை சிப்புட்டில் வசிக்கிறோம். ஆவணப்படக் கலை பயின்ற என் மகள், நான் பிறந்து வளர்ந்த தோட்டத்தில் செம்பனை எண்ணெய் ஆலையை ஒட்டி ஓடும் ஓடையைப் பற்றிப் படம் எடுக்க முனைந்திருக்கிறாள். ஆலை தண்ணீரில் விஷம் கலக்கிறது என்பதுதான் படத்தின் கரு. உறவினர் பலர் இன்னமும் அங்கே வேலை செய்வதால் அச்சமாக இருக்கிறது. தடுப்பதா, விடுவதா?

பதில்: தடுக்காதீர்கள் அம்மா, ஆனால் படத்தின் கருவை மாற்றச் சொல்லுங்கள். பழக்குலைகளை நீராவியில் வேகவைத்துப் பிழிந்த பிறகு மிஞ்சும் ஆலைக் கழிவுநீரில் இரசாயனம் சேர்க்கப்படுவதில்லை என்பதால், விஷம் என்று சொன்ன மறுகணமே ஆலை நிர்வாகம் ஆய்வறிக்கையை நீட்டிவிடும். அந்நீர் மீனைக் கொல்லும் வழி வேறு. அதிலுள்ள எண்ணெயும் நாரும் மட்கும்போது நுண்ணுயிர்கள் ஓடையில் கரைந்திருக்கும் உயிர்வளியை உறிஞ்சித் தீர்த்துவிடுகின்றன. ஒரு லிட்டர் கழிவுநீர் இப்படி விழுங்கக்கூடிய உயிர்வளி, சுத்திகரிப்புக்கு முன் ஏறத்தாழ 25,000 மில்லிகிராம். மலேசியாவின் 1974ஆம் ஆண்டுச் சுற்றுச்சூழல் தரச் சட்டத்தின் கீழ் 1977இல் வந்த விதிமுறைகள், ஆற்றில் விடும் நீருக்கான வரம்பைப் படிப்படியாக 100 மில்லிகிராமுக்கு இறக்கின. இவ்விரண்டு எண்களுக்கும் இடையே நிற்பவை ஆலையின் சுத்திகரிப்புக் குளங்கள்தாம். அவற்றில் சேறு தூர்ந்திருக்கிறதா, அடைமழையில் வழிகிறதா, விளைச்சல் மிகுந்த மாதங்களில் கொள்ளாமல் போகிறதா என்று தேடுவதே நல்ல ஆவணப்படத்தின் வேலை. ஓடை எப்போது கறுத்தது, மழைக்கு முன்பா பின்பா என்பதை லயத்து (தோட்டக் குடியிருப்பு) முதியவர்களிடம் கேட்டறிந்து, அதே நேரத்தில் எடுத்த நீர் மாதிரியை ஆய்வகத்தில் கொடுத்துப் பார்த்தால், படத்தை எவராலும் எளிதில் தள்ளிவிட முடியாது.

விஷத்தைப் பற்றித்தான் பேச வேண்டுமென்றால், முதுகில் பம்பைச் சுமந்து களைக்கொல்லி அடித்த நம் பெண்களிடம் போகட்டும். பாராகுவாட் என்னும் களைக்கொல்லியைக் கைவிடுவதாக 2002இல் அறிவித்த அரசு, 2006இல் தளர்த்திக்கொண்டது. முழுத் தடை 2020 ஜனவரி 1ஆம் தேதிதான் நடப்புக்கு வந்தது. இடைப்பட்ட அத்தனை ஆண்டுகளையும் யார் கைகள் சுமந்தன என்று இதுவரை போதிய அளவுக்கு யாரும் கேட்கவில்லை என்பது என் எண்ணம்.

உறவினர் விஷயத்தில் உங்கள் அச்சம் நியாயமானது. முகத்தை மறைத்தால் போதும் என்று இளையோர் நினைக்கிறார்கள். தோட்டத்தில் குரலும் நடையும் வாசற்படியுமே ஆளைக் காட்டிக் கொடுத்துவிடும். இப்போது வேலையில் இருப்பவர்களை விட்டுவிட்டு, ஓய்வு பெற்றவர்களைப் பேச வைத்து, அவர்கள் பேசிய பகுதியை வெளியிடும் முன் அவர்களுக்கே போட்டுக் காட்டட்டும்.

கேள்வி: இதற்கு உரிமம் வேண்டுமா?

பதில்: வேண்டும். 1981ஆம் ஆண்டுச் சட்டப்படி படத்தயாரிப்புக்கு ஃபினாஸ் எனப்படும் தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகத்தின் உரிமமும், 2002ஆம் ஆண்டுச் சட்டப்படி பொதுத் திரையிடலுக்குத் தணிக்கை வாரியத்தின் ஒப்புதலும் தேவை. தோட்டம் தனியார் நிலம் என்பதால் நிர்வாகத்திடம் எழுத்து மூலம் அனுமதி கேட்க வேண்டும். மறுத்தால் அந்த மறுப்புக் கடிதத்தையும் படத்தில் காட்டலாம்.