தற்குறி என்ற சொல்லும் நியூ இங்கிலாந்துப் பெண்களும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

17ஆம் நூற்றாண்டில் வட அமெரிக்காவின் வடகிழக்கில் உள்ள நியூ இங்கிலாந்தில் குடியேறிய ஆங்கிலேயர்களின் வாசிப்பு பற்றி ஒரு நீண்ட கட்டுரை எழுதிக்கொண்டிருக்கிறேன். மூன்று ஐயங்கள். சாதாரணக் குடியேறி ஒருவரின் வீட்டில் என்னென்ன புத்தகங்கள் இருந்திருக்கும்? பைபிளின் சங்கீதங்களைப் பாட்டாக்கி 1640இல் அங்கே அச்சிட்ட ‘பே சங்கீதப் புத்தகம்’ 2013இல் 1.4 கோடி டாலருக்கு ஏலம் போனதே, அதில் அப்படி என்ன இருக்கிறது? கடைசியாக, அக்காலப் பெண்களில் மூன்றில் ஒருவர்தான் பத்திரங்களில் கையெழுத்திட்டிருக்கிறார், மற்றவர்கள் கீறல்தான் போட்டார்கள் என்று படித்தேன். மூன்றில் இரண்டு பேர் தற்குறிகள் என்றால், ‘பைபிள் வாசித்த சமூகம்’ என்பது பிற்காலத்தவர் கட்டிய புகழ்க்கதைதானே?

ரா.

அன்புள்ள ரா.,

மூன்றாவது கேள்விக்காகத்தான் பதில் எழுத உட்கார்ந்தேன். கொஞ்ச நாளாகவே மனதில் ஓடிக்கொண்டிருக்கும் விஷயம் அது.

ஏலக் கதையை விட்டுவிடுங்கள். 1700 படிகள் அச்சிட்டார்கள், இன்று 11 மிச்சம், அதனால் அந்த விலை. அச்சகத்தை நடத்த வந்த ஸ்டீபன் டே பூட்டுத் தொழிலாளி. ‘சங்கீதம்’ என்ற ஆங்கிலச் சொல்லின் எழுத்துக்கூட்டல் பக்கத் தலைப்பில் இடப்பக்கம் ஒருவிதம், வலப்பக்கம் வேறுவிதம். உங்கள் கட்டுரைக்கு விலையைவிட அந்தப் பிழைகள் உதவும்.

‘தற்குறி’ என்று எத்தனை சுலபமாக எழுதிவிட்டீர்கள்! அந்தச் சொல்தான் உங்களைத் தவறான இடத்துக்குக் கொண்டுபோயிருக்கிறது. பெயருக்குப் பதிலாக ஒரு குறியைப் போடுபவர் தற்குறி. அவருக்கு வாசிக்கவும் வராது என்பது நாமாகச் சேர்த்துக்கொண்டது. நம் திண்ணைப் பள்ளியில் பிள்ளை மணலில் விரலால் எழுதிக்கொண்டேதான் எழுத்தைச் சொல்லும். இரண்டும் ஒரே நாளில் தொடங்கிவிடுவதால் ஒன்றில்லாமல் மற்றது இருக்கும் என்று நமக்குத் தோன்றுவதில்லை. ஆனால் குர்ஆனை அரபியில் தங்குதடையின்றி ஓதும் நம்மூர்ப் பெண்களில் எத்தனை பேருக்கு அரபியில் நான்கு வரி எழுத வரும்? ஓதக் கற்றார்கள், எழுதக் கற்கவில்லை. அவர்களைத் தற்குறி என்பீர்களா?

நியூ இங்கிலாந்திலும் வாசிப்பு ஒரு படிப்பு, எழுத்து வேறொரு படிப்பு. வாசிப்பைத் தாயோ, வீட்டில் பிள்ளைகளை வைத்துச் சொல்லிக்கொடுத்த அண்டைவீட்டுப் பெண்ணோ கற்பித்தாள். கருவி ‘ஹார்ன்புக்’. கைப்பிடி வைத்த சிறு மரப்பலகை. அதன்மேல் அச்சடித்த ஒற்றைத் தாள். தாளை மூடி மாட்டுக்கொம்புத் தகடு. கொம்பை ஊறவைத்து, சூடாக்கி, தட்டையாக்கி, அடியிலுள்ள எழுத்து தெரியும் அளவுக்குச் சீவியிருப்பார்கள். விளிம்பில் பித்தளைப் பட்டை வைத்து ஆணி அடித்திருக்கும். பிள்ளையின் ஈரக்கை பட்டாலும் தாள் கெடாது. தாளில் முதலில் ஒரு சிலுவை, பிறகு அகரவரிசை, பிறகு ‘அப், எப், இப்’ என்று அசைகள், அடியில் பரமண்டல ஜெபம். அதை முடித்த பிள்ளை அரிச்சுவடிக்குப் போகும், அங்கிருந்து சங்கீதம், புதிய ஏற்பாடு, முழு பைபிள். இந்த வரிசையில் எங்கேயாவது பேனா வருகிறதா, பாருங்கள்.

எழுத்துக்கு வேண்டியவை வேறு. வாத்து இறகைச் சூட்டில் இறுக்கி, சீவி, முனையைப் பிளக்க ஒரு சிறுகத்தி. முனை சீக்கிரமே மழுங்கும், மறுபடி சீவ வேண்டும். மைக்கு மாசிக்காயை இடித்து மழைநீரில் ஊறவைத்து வடிகட்டி, அன்னபேதி என்ற இரும்பு உப்பும் வேலம்பிசினும் சேர்க்க வேண்டும். அன்னபேதி கூடிப்போனால் மை நாளடைவில் பழுப்பேறித் தாளையே அரித்துவிடும். பிசின் குறைந்தால் மை தாளில் பரவும். தாளோ கப்பலில் வர வேண்டும். ஆங்கிலக் குடியேற்றங்களில் முதல் காகித ஆலை 1690இல்தான், அதுவும் பிலடெல்பியா அருகே. இத்தனை செலவு செய்து ஆண் ஆசிரியரிடம் எழுதப் பழகியவர்கள் பெரும்பாலும் பையன்கள். பெண்பிள்ளையின் கையில் ஊசியைக் கொடுத்தார்கள்.

சட்டத்தையே எடுத்துப் பாருங்கள். மாசசூசெட்ஸ் 1642இல் பெற்றோருக்கும் எஜமானர்களுக்கும் இட்ட கட்டளை, பிள்ளைகள் வாசிக்கிறார்களா, மதக் கொள்கைகளையும் மரண தண்டனைச் சட்டங்களையும் புரிந்துகொள்கிறார்களா என்று கவனிக்கச் சொல்கிறது. எழுதுவதைப் பற்றிப் பேச்சே இல்லை. 50 குடும்பம் உள்ள ஊர் எழுதவும் வாசிக்கவும் கற்பிக்க ஒருவரை வைக்க வேண்டும் என்றது 1647ஆம் ஆண்டுச் சட்டம். அதற்குப் பிறகும் பெண்பிள்ளைக்கு வாசிப்பு போதும் என்ற எண்ணம் தலைமுறை தலைமுறையாக நீடித்தது.

நீங்கள் நம்பிய கணக்கிலேயே ஓட்டைகள் உண்டு. அது பெரும்பாலும் உயில்களில் உள்ள கையெழுத்துகளை எண்ணிப் போட்டது. உயில் எழுதும்போது ஆள் பெரும்பாலும் படுக்கையில் இருப்பார். கை நடுங்க, எழுதத் தெரிந்தவரும் கீறல்தான் போடுவார். கணவன் உயிரோடிருக்கும் பெண் பொதுவாக உயில் எழுத முடியாது, ஆகவே பெண்களின் உயில்கள் பெரும்பாலும் விதவைகளுடையவை. இளம் பெண்கள் அந்த எண்ணிக்கையில் அநேகமாக இல்லவே இல்லை. கையெழுத்து விகிதம் எழுதத் தெரிந்தவர்களின் அளவு. வாசித்தவர்கள் அதைவிட அதிகம்.

உங்கள் முதல் கேள்விக்கும் இதே எச்சரிக்கைதான். இறந்தவரின் சொத்துப் பட்டியலில் ‘ஒரு பைபிள், சில பழைய புத்தகங்கள்’ என்று ஒரே விலையில் கட்டிவிடுவார்கள். பஞ்சாங்கம், ஹார்ன்புக், துண்டுப் பிரசுரம் எல்லாம் விலைபோகாதவை, பட்டியலில் ஏறாது. பட்டியலில் இல்லையென்றால் வீட்டில் இல்லை என்று எழுதிவிடாதீர்கள். பைபிள், சங்கீதம், வினாவிடைப் போதகம், பஞ்சாங்கம் — சாதாரண வீட்டுக்கு இவ்வளவு வைத்துக்கொள்ளலாம். பிளிமத் குடியேற்றத்தின் சபை மூப்பர் வில்லியம் புரூஸ்டர் 1644இல் இறந்தபோது விட்டுப்போன 400 புத்தகங்களை வைத்து மற்ற வீடுகளை அளக்க வேண்டாம்.

இவ்வளவு உழைத்திருக்கிறீர்கள், கேள்விகளில் அது தெரிகிறது. அதனாலேயே ஒரு குறை வருத்தமாக இருக்கிறது. அந்த மண்ணின் பூர்வகுடிகளைப் பற்றி உங்கள் கடிதத்தில் ஒரு சொல்கூட இல்லை. மாசசூசெட்ஸின் கேம்பிரிட்ஜ் ஊர் அச்சகத்தில் 1663இல் வெளிவந்த முழு பைபிள் ஆங்கிலத்தில் இல்லை, பூர்வகுடிகளின் மாசசூசெட் மொழியில் இருந்தது. பாதிரியார் ஜான் எலியட் பெயரில் வந்த அந்த மொழிபெயர்ப்பை அச்சுக் கோத்தவர்களில் ஒருவர் நிப்மக் குடியைச் சேர்ந்த ஜேம்ஸ் பிரின்டர். எஞ்சியிருக்கும் படிகள் சிலவற்றின் ஓரங்களில் அம்மொழி வாசகர்கள் தங்கள் மொழியிலேயே எழுதிவைத்த குறிப்புகள் இருக்கின்றன. கட்டுரையை அனுப்புவதற்கு முன் அவர்களுக்கு ஒரு பகுதி எழுதிச் சேருங்கள்.