திங்கட்கிழமை மூடியிருந்த அரண்மனையும் இருபதாயிரம் ரூபாய் வவுச்சரும்

கேள்வி: மதுரையில் இருக்கிறேன், ஓய்வுபெற்ற தலைமையாசிரியர். நானும் மனைவியும் ஒரு டூர் நிறுவனத்தில் தலைக்கு ரூ.1,89,000 கட்டி, 22 பேர் குழுவோடு நவம்பர் 8 முதல் 16 வரை சீனா போய் வந்தோம். 10ஆம் தேதி பெய்ஜிங்கில் தடை செய்யப்பட்ட நகரம், அதாவது சக்கரவர்த்திகளின் பழைய அரண்மனை என்று போட்டிருந்தார்கள். உள்ளே விடவில்லை, அகழிக்கு வெளியே நிறுத்திப் போட்டோ எடுக்கச் சொன்னார்கள். சைவச் சாப்பாடு என்று சொல்லிவிட்டு மூன்று நாள் முட்டைக்கோஸும் சாதமும்தான். கைடு எரிந்து எரிந்து விழுந்தார். பெருஞ்சுவருக்குப் போகும் வழியில் ஜேட் என்ற பச்சைக்கல் விற்கும் கடையில் ஒன்றரை மணி நேரம் அடைத்து வைத்தார்கள், மனைவி அங்கே 4,600 யுவானுக்கு வளையல் வாங்கிவிட்டாள். புகார் செய்ததற்கு, அடுத்த வெளிநாட்டு டூருக்குத் தலைக்கு ரூ.20,000 வவுச்சர் தருகிறோம், ‘சம்மதம்’ என்று மெயிலில் பதில் போடுங்கள் என்கிறார்கள். அதை வாங்கிக்கொண்டு வழக்கும் போடலாமா? மோசடி என்று போலீஸில் புகார் கொடுக்கச் சொல்கிறார் மருமகன்.

பதில்:

ஐயா, அந்த மெயிலுக்கு இன்னும் பதில் போடவில்லைதானே? போடாதீர்கள். மீதியை நிதானமாகப் படியுங்கள்.

நீங்கள் அனுப்பிய நான்கு பக்கத்தையும் அதனோடு வந்த டூர் அட்டவணையையும் இரண்டு முறை படித்தேன். முட்டைக்கோஸ், கைடின் பேச்சு, குளிர், பேருந்தில் கடைசி சீட் கொடுத்தது, கட்டாய டிப்ஸ் எல்லாம் உங்களுக்கு வலித்திருக்கும், அதில் சந்தேகமில்லை. ஆனால் இவற்றை வைத்து வழக்கு நிற்காது. மனுவில் எல்லாவற்றையும் அள்ளிப் போட்டால் எதிர்த்தரப்பு வக்கீல் சாப்பாட்டைப் பற்றியே ஒரு மணி நேரம் பேசி, முக்கியமான விஷயத்தை மூழ்கடித்துவிடுவார். உங்கள் வழக்கு ஒரே ஒரு வரியில் இருக்கிறது, அதை நீங்கள் கவனிக்கவே இல்லை. நவம்பர் 10 திங்கட்கிழமை.

தடை செய்யப்பட்ட நகரம், அதாவது அங்கே இருக்கும் அரண்மனை அருங்காட்சியகம், அரசு விடுமுறை நாட்களைத் தவிர எல்லாத் திங்கட்கிழமையும் மூடியிருக்கும். இது நேற்று வந்த ஏற்பாடு இல்லை, பத்து வருடத்துக்கு மேலாக இப்படித்தான். பெய்ஜிங்குக்கு ஆள் அனுப்புகிற எந்த ஏஜென்ட்டுக்கும் இது தெரியும். டிக்கெட்டும் வாசலில் வாங்குவது கிடையாது. ஒரு வாரம் முன்னால் ஆன்லைனில் திறக்கும், ஒவ்வொருவருடைய பாஸ்போர்ட் எண்ணையும் கொடுத்துத்தான் எடுக்க முடியும். ஆக, அன்று உள்ளே போக முடியாது என்பது குறைந்தபட்சம் நவம்பர் முதல் வாரத்திலேயே உங்கள் நிறுவனத்துக்குத் தெரிந்தே தீர வேண்டும். உங்கள் பாஸ்போர்ட் விவரமோ விசாவுக்காக எப்போதோ அவர்கள் கைக்குப் போய்விட்டது.

இப்போது அவர்கள் உங்களுக்கு எழுதிய பதிலைப் பாருங்கள்: ‘அரசு மூடியதால் எங்கள் கட்டுப்பாட்டை மீறிய சூழ்நிலை.’ புயல் வந்தது, திடீரென்று ஊரடங்கு போட்டார்கள் என்றால் அப்படிச் சொல்லலாம். வாராந்தர விடுமுறையைச் சொல்ல முடியாது. அதைவிட முக்கியமான ஒன்று அட்டவணையிலேயே இருக்கிறது. மறுநாள் செவ்வாய்க்கிழமைதான் மூதியான்யூ பகுதிப் பெருஞ்சுவர். இரண்டு நாளையும் மாற்றிப் போட்டிருந்தால் போதும், திங்கட்கிழமை சுவரைப் பார்த்துவிட்டு செவ்வாய்க்கிழமை அரண்மனைக்குள் போயிருப்பீர்கள், ஒரு ரூபாய் கூடுதல் செலவில்லை. இதைத்தான் 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் சேவைக் குறைபாடு என்கிறது. விளம்பரத் தாளில் ‘விசிட், நுழைவுக் கட்டணம் உட்பட’ என்று போட்டிருக்கிறார்கள். டூர் தொழிலில் ‘விசிட்’ என்றால் உள்ளே போவது, ‘வியூ’ என்றால் வெளியே நின்று பார்ப்பது. இந்த வித்தியாசத்தை உருவாக்கி வைத்திருப்பதே அவர்கள்தான்.

மதுரை மாவட்ட நுகர்வோர் ஆணையத்திலேயே போடலாம், நீங்கள் குடியிருக்கிற ஊர் போதும். கட்டிய தொகை 5 லட்சத்துக்குள் இருப்பதால் மனுவுக்குக் கட்டணமில்லை. இரண்டு வருடம் அவகாசம் இருக்கிறது. நடைமுறையெல்லாம் உங்களுக்குத் தெரிந்ததுதான், அதில் நேரம் செலவழிக்க வேண்டாம். ஒன்று மட்டும், ‘முன்னறிவிப்பின்றி பயணத் திட்டம் மாற்றப்படலாம்’ என்ற நிபந்தனையை நியாயமற்ற ஒப்பந்தம் என்று ரத்து செய்யக் கேட்காதீர்கள். அந்த அதிகாரம் மாநில ஆணையத்துக்கும் அதற்கு மேலேயும்தான். மாவட்டத்தில் அதைக் கேட்டால் இந்த ஆணையத்துக்கு அதிகாரமில்லை என்ற பிரச்சினையைக் கிளப்பி மாதக்கணக்கில் இழுப்பார்கள்.

சரி, இனி எனக்கு உண்மையில் பயமாக இருக்கும் இடத்துக்கு வருகிறேன். இவ்வளவு நல்ல வழக்கில் மூன்று இடத்தில் நீங்களே ஓட்டை போட்டு வைத்திருக்கிறீர்கள், நான்காவதைப் போடுவதற்குத்தான் அந்த மெயில் காத்திருக்கிறது.

முதல் ஓட்டை நவம்பர் 3ஆம் தேதி வாட்ஸ்அப். இறுதிப் பயணத் திட்டம் என்று ஒரு பிடிஎஃப் அனுப்பியிருக்கிறார்கள், அதில் ‘விசிட்’ போய் ‘அவுட்சைட் வியூ’ வந்துவிட்டது. நீங்கள் அதைத் திறந்துகூடப் பார்க்காமல் ‘நோட்டட் சார், நன்றி’ என்று போட்டு இரண்டு கும்பிடும் போட்டிருக்கிறீர்கள். மாற்றத்துக்குச் சம்மதித்துவிட்டார் என்று அதைத்தான் முதல் ஆவணமாகத் தாக்கல் செய்வார்கள், எழுதி வைத்துக்கொள்ளுங்கள். இதற்குப் பதில் உண்டு. முழுப் பணமும் கட்டியாயிற்று, புறப்பட ஐந்து நாள்தான் இருக்கிறது, அந்தக் கட்டத்தில் ரத்து செய்தால் நூறு சதவீதமும் பிடித்துக்கொள்வோம் என்று அவர்களுடைய நிபந்தனையே சொல்கிறது. வேண்டாம் என்று சொல்கிற வழியே இல்லாத ஒருவர் ‘பார்த்துக்கொண்டேன்’ என்று சொன்னது சம்மதமாகாது. ஆனால் இந்த வாதம், வழக்குக்கு முன்னால் நிறுவனத்துக்கு நீங்கள் அனுப்பும் முதல் நோட்டீஸிலேயே இருக்க வேண்டும். அவர்கள் அந்த மெசேஜைக் காட்டிய பிறகு சொன்னால் சாக்கு மாதிரிதான் கேட்கும். அந்த போனை மாற்றாதீர்கள், சாட்டை அழிக்காதீர்கள். ஸ்கிரீன்ஷாட் மட்டும் போதாது, மின்னணு ஆவணத்துக்கான சான்றிதழோடு தாக்கல் செய்ய மூல போன் கையில் இருக்க வேண்டும்.

இரண்டாவது, விமான நிலையம் போகும் பேருந்தில் நீட்டிய கருத்துப் படிவம். உங்கள் மனைவி இரண்டு பேருக்கும் சேர்த்து எல்லாக் கட்டத்திலும் ‘மிக நன்று’ டிக் போட்டுக் கையெழுத்தும் போட்டுவிட்டார். கைடு பக்கத்திலேயே நின்றார், எல்லோரும் போட்டார்கள், அதனால் போட்டோம் என்கிறீர்கள். எனக்குப் புரிகிறது. அத்தனை நாள் கூடவே வந்த பிள்ளையின் முகத்துக்கு எதிரே ‘மோசம்’ என்று டிக் போட நம் ஆட்களுக்கு மனசு வராது. ஆணையத்தில் அது தாளில் இருக்கிற டிக் மட்டும்தான். இதையும் அவர்கள் எடுத்து வைப்பதற்கு முன்னால் நீங்களே நோட்டீஸில் சொல்லிவிடுங்கள். மறைத்து வைத்துப் பிடிபடுகிற மனுதாரர் சொல்கிற மற்ற உண்மைகளையும் யாரும் நம்ப மாட்டார்கள்.

மூன்றாவது, 22 பேரும் கூட இருக்கிறார்கள் என்ற நம்பிக்கை. ஐயா, அதை இன்றே விட்டுவிடுங்கள். சேர்ந்து போடச் சட்டத்தில் வழி இருக்கிறது, ஆணையத்தின் அனுமதி வேண்டும், அது பெரிய விஷயமில்லை. ஆனால் நான் பார்த்த குழு வழக்குகளில் நிறுவனம் ஒவ்வொருவரையாகத் தனியாகக் கூப்பிட்டுப் பேசி முடித்துவிடும், கடைசியில் கோபக்காரர் ஒருவர் மட்டும் மிச்சமிருப்பார். அதுவும் போக, உங்கள் குழுவின் வாட்ஸ்அப்பில் 16ஆம் தேதி இரவு பதினோரு பேர் ‘மறக்க முடியாத பயணம்’ என்று பூங்கொத்து அனுப்பியிருக்கிறார்கள். அந்தக் குழுவின் அட்மின் யார்? டூர் மேனேஜர்.

இப்போது வவுச்சர். மெயிலின் கடைசி வரியை நீங்கள் படிக்கவில்லை என்று நினைக்கிறேன், நிறைய பேர் படிப்பதில்லை. ‘அனைத்துக் கோரிக்கைகளுக்கும் முழுமையான, இறுதியான தீர்வாக’ என்று இருக்கிறது. வாங்கிக்கொண்டு வழக்கும் போடலாமா என்று கேட்டீர்கள். கூடாது. இந்திய ஒப்பந்தச் சட்டம் 63ஆவது பிரிவில் ஒரு உதாரணம் இருக்கிறது: ஒருவர் 5,000 ரூபாய் தர வேண்டும், 2,000 கொடுக்கிறார், வாங்குபவர் முழுக் கடனுக்கும் சரி என்று ஏற்றுக்கொள்கிறார், அவ்வளவுதான், மீதிக் கடன் இல்லை. 1872இல் எழுதிய சட்டம், இன்றைக்கும் அப்படியேதான் இருக்கிறது.

இறுதித் தீர்வு என்று கையெழுத்துப் போட்ட பிறகும் நுகர்வோர் வழக்குப் போடலாமே, உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறதே என்று யாராவது உங்களிடம் சொல்வார்கள். சொல்லியிருக்கிறது, 1999இல், ஒரு இன்சூரன்ஸ் வழக்கில். ஆனால் ஏமாற்றியோ, தவறாகச் சொல்லியோ, நெருக்கடி கொடுத்தோ அந்தக் கையெழுத்தை வாங்கினார்கள் என்று காட்டினால்தான் அந்தக் கதவு திறக்கும், காட்ட வேண்டியது நீங்கள். முப்பது வருடம் பாடம் நடத்திய தலைமையாசிரியர், வீட்டில் உட்கார்ந்து, யாரும் அவசரப்படுத்தாமல், ‘சம்மதம்’ என்று தட்டச்சு செய்து அனுப்பியிருக்கிறார். இதில் நெருக்கடி எங்கே என்று கேட்டால் உங்களுக்காக நிற்கிற வக்கீல் என்ன சொல்வார்?

கோவையிலிருந்து ஒரு தம்பதி என்னிடம் வந்தார்கள், வேறொரு நாட்டு டூர், ஏறக்குறைய இதே கதை. வவுச்சருக்குச் சம்மதம் போட்டுவிட்டார்கள். ஒரு வருடத்துக்குள் மறுபடி அதே நிறுவனத்தில் லட்சக்கணக்கில் கட்டினால்தான் அந்த வவுச்சருக்கு மதிப்பு. அந்த அம்மாவுக்கு முழங்கால் அறுவைச் சிகிச்சை, போக முடியவில்லை, வவுச்சர் காலாவதியாகிவிட்டது. அப்புறம்தான் கோபம் வந்து வந்தார்கள். அந்த மெயிலைப் படித்ததும் ஃபைலை மூடித் திருப்பிக் கொடுத்தேன். அவர்கள் பக்கம் நியாயம் இருந்தது, வழக்கு இல்லை.

மருமகன் சொல்கிற போலீஸ் புகார் வேண்டாம். தொடக்கத்திலிருந்தே ஏமாற்றும் எண்ணம் இருந்தால்தான் மோசடி. எட்டு இரவு ஓட்டல் போட்டு, சியானில் சுடுமண் வீரர்களைக் காட்டி, லுவோயாங்கில் லோங்மென் குகைகளைக் காட்டிப் பத்திரமாகக் கொண்டுவந்து விட்டவர்களை அப்படிச் சொல்ல முடியாது. முகநூலில் உரிமையாளர் படத்தைப் போட்டு எழுதுவதும் வேண்டாம், அவதூறு நோட்டீஸ் வந்தால் உங்கள் நியாயம் பின்னால் போய்விடும்.

சரி, எவ்வளவு கிடைக்கும்? முழுப் பணமும் திரும்ப வராது, அந்த ஆசையை வளர்த்துக்கொள்ளாதீர்கள். அவர்கள் ஒரு கணக்கோடு வருவார்கள்: நவம்பரில் அரண்மனை டிக்கெட் 40 யுவான், நம் பணத்தில் சில நூறு ரூபாய், அதைத் தந்துவிடுகிறோம் என்பார்கள். அங்கே தடுமாறக் கூடாது. 1420இல் கட்டி முடித்து, இருபத்து நான்கு சக்கரவர்த்திகள் இருந்து ஆண்ட இடம். விளம்பரத் தாளின் முதல் பக்கத்தில் பெரிதாகப் போட்டிருப்பதே அந்தப் படத்தைத்தான். அதைக் காட்டித்தான் உங்களிடம் பணம் வாங்கினார்கள். ஒன்பது நாளுக்கு 1,89,000 என்றால் ஒரு நாளைக்கு 21,000. நோட்டீஸில் தலைக்கு 45,000 கேளுங்கள். வங்கிக் கணக்கில் பணமாகத் தலைக்கு 25,000 வந்தால் வாங்கிக்கொண்டு முடித்துவிடுங்கள், நான் உங்கள் வக்கீலாக இருந்தாலும் இதையேதான் சொல்வேன். மூன்று மாதத்தில் முடிக்கச் சட்டம் சொல்கிறது, நடப்பில் அப்படி முடிவதில்லை. நீங்கள் ஜெயித்தாலும் அவர்கள் மாநில ஆணையத்துக்கு அப்பீல் போகலாம்.

வளையல் விஷயம்தான் உண்மையில் அவசரம். 2013 அக்டோபரில் நடைமுறைக்கு வந்த சீனச் சுற்றுலாச் சட்டத்தின் 35ஆவது பிரிவு, பயண நிறுவனம் தானாகக் குறிப்பிட்ட கடைக்குக் கூட்டிப் போகக் கூடாது என்கிறது. போனால், பயணம் முடிந்த 30 நாளுக்குள் பொருளைக் கடையில் திருப்பிக் கொடுக்க ஏற்பாடு செய்யவும், கடை தரும் வரை காத்திருக்காமல் பணத்தை முன்கூட்டியே தரவும் அந்தப் பயண நிறுவனத்திடம் கேட்கலாம். நீங்களாகக் கேட்டுப் போயிருந்தாலோ, இரு தரப்பும் பேசி ஒப்புக்கொண்டிருந்தாலோ இது பொருந்தாது. உங்கள் அட்டவணையில் பச்சைக்கல் கடை என்று ஒரு வரிகூட இல்லை, அதுதான் உங்கள் பலம். பெய்ஜிங்கில் உங்களைக் கவனித்த உள்ளூர் ஏஜென்ஸியின் பெயரை இங்கத்திய நிறுவனத்திடம் எழுத்தில் கேட்டு வாங்கி, அந்த ஏஜென்ஸிக்கும் இங்கத்திய நிறுவனத்துக்கும் சேர்த்து ஒரே மெயிலில் கோரிக்கை வையுங்கள். கடை கொடுத்த ரசீது, கல்லுக்கான சான்றிதழ், கார்டில் கட்டிய ஸ்டேட்மென்ட் மூன்றையும் இணையுங்கள். அம்மாவிடம் சொல்லி வளையலைக் கழற்றிப் பெட்டியில் வைத்துவிடுங்கள், கீறல் விழுந்தால் அதையே காரணம் சொல்வார்கள். உங்களுக்குக் கெடு டிசம்பர் 16.

வவுச்சர் மெயிலுக்கு இப்படி மட்டும் பதில் போடுங்கள்: ‘உங்கள் சலுகையை ஏற்கவில்லை. நவம்பர் 10 அன்று தடை செய்யப்பட்ட நகரத்துக்குள் அழைத்துச் செல்லாததற்கான என் கோரிக்கை அப்படியே நிற்கிறது. விரிவான நோட்டீஸ் தனியாக வரும்.’ கீழே பெயர், தேதி. நன்றி, வணக்கம், கும்பிடு எதுவும் வேண்டாம்.