‘டீட்டூர்’ படத்தில் வேராவாக நடித்த ஹாலிவுட் நடிகை ஆன் சாவேஜ் அப்புறம் என்ன ஆனார்?
1945-இல் எட்கர் உல்மர் எடுத்த ‘டீட்டூர்’ சின்ன பட்ஜெட் படம்தான், ஆனால் காரில் கண்மூடிச் சாய்ந்திருக்கும் வேரா சட்டென்று நிமிர்ந்து, காரை ஓட்டுபவனிடம், காரின் சொந்தக்காரரைப் பிணமாக எங்கே போட்டாய் என்று கேட்பார் பாருங்கள், அந்தக் குரலும் பார்வையும் என்னை இன்றைக்கும் உலுக்கும். இவ்வளவு திறமைக்கு ஹாலிவுட் பெரிய படம் எதுவும் தரவில்லை என்பது எனக்கு ஆறவே இல்லை.

ஐம்பதுகளில் டிவியில் கொஞ்சம் நடித்தார், பிறகு சட்ட அலுவலகத்தில் செயலாளர் வேலை, விமானம் ஓட்டவும் கற்றுக்கொண்டார். 1992-இல் ‘டீட்டூர்’ அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில், அதாவது பாதுகாக்க வேண்டிய முக்கியமான படங்களின் பட்டியலில், சேர்ந்தது. அப்புறம், எண்பதைத் தாண்டிய வயதில், கனடா இயக்குநர் கை மேடின் ‘மை வின்னிபெக்’ (2007) படத்தில் இவரைத் தன் அம்மாவாக நடிக்க வைத்தார். அதே அதட்டல், அதே கண்கள். 2008 டிசம்பரில் ஆன் சாவேஜ் காலமானார்.