பூச்சி ஏன் பட்டினி கிடந்தது?

கேள்வி: என் மாய உலக நாவலைத் திருப்பி அனுப்பிவிட்டீர்கள். போதாததற்கு, ‘நெருப்பு கக்கும் பறவையை நம்பினேன், புனிதச் சுவடியை நம்ப முடியவில்லை’ என்று ஒரு குறிப்பு வேறு. மலையே பறக்கிற உலகத்தில் மூவாயிரம் வருடப் பழைய சுவடி ஒன்று இருக்கக் கூடாதா? இது என்ன நியாயம்?

பதில்: தாராளமாக இருக்கலாம். ஆனால் உங்கள் கதாநாயகன் குகைக்குள் போகிறான், பெட்டியைத் திறக்கிறான், சுவடியை எடுத்துக் கடகடவென்று படித்துவிடுகிறான். மூவாயிரம் வருடமாக எழுத்து மாறவில்லை, மொழி மாறவில்லை, ஒரு பூச்சிகூட வாய் வைக்கவில்லை. பறவை நெருப்பு கக்குவது மந்திரத்தால் என்று 12-ஆம் பக்கத்திலேயே சொல்லிவிட்டீர்கள், ஒப்புக்கொண்டேன். பூச்சி ஏன் பட்டினி கிடந்தது என்று 600 பக்கத்தில் எங்கேயும் சொல்லவில்லையே!

‘ஓர் எழுத்தும் மாறாத திருநூல்’ என்று பதினோரு இடங்களில் வருகிறது (எண்ணினேன்). மாறாமல் இருப்பது சும்மா நடந்துவிடுகிற காரியமா? யூதர்களின் புனித நூலான தோராவின் சுருளை எடுத்துக்கொள்ளுங்கள். மொத்தம் 304,805 எழுத்துகள். எழுதுபவருக்கு முழுவதும் மனப்பாடமாகத் தெரிந்திருந்தாலும் மூலப்படியைப் பார்த்துத்தான் எழுத வேண்டும். ஓர் எழுத்து விடுபட்டால்கூட, திருத்துகிற வரை அந்தச் சுருளை வழிபாட்டில் வாசிக்கக் கூடாது. சாதாரணச் சொல்லில் பிழை வந்தால் சுரண்டிவிட்டுத் திருத்தலாம். இறைவன் பெயரைச் சுரண்டக் கூடாது. அதில் பிழை வந்தால் அந்தத் தோல் ஏட்டையே எடுத்துவிட்டு வேறு எழுதிச் சேர்க்க வேண்டும். அந்தப் பெயரை எழுதப் போகும் நேரத்தில் எழுதுகிறவன் கை எப்படி இருந்திருக்கும்? நான் படிக்க விரும்பும் அத்தியாயம் அது. உங்கள் நாவலில் அரசர்கள் ஒன்பது பேர், மந்திரவாதிகள் நான்கு பேர். சுவடியை எழுதினவன் ஒருவன்கூட இல்லை.

அத்தனை காவல் இல்லாத இடத்தில் என்ன ஆகும் என்பதற்குப் பழமொழியே இருக்கிறது: எழுதினவன் ஏட்டைக் கெடுத்தான், படித்தவன் பாட்டைக் கெடுத்தான். 4-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த சினாய்ட்டிகஸ் என்ற விவிலியக் கையெழுத்துப் படியில் திருத்தங்கள் ஆயிரக்கணக்கில் இருக்கின்றன. எல்லாம் ஒரு கை, ஒரு காலம் அல்ல. முதலில் வந்தவர் ‘இது சந்தேகம்’ என்று குறியிட்ட வரிகளில், பிறகு வந்தவர் அந்தக் குறியையே அழித்துவிட்டிருக்கிறார். உங்கள் கதையில் இரண்டு சமயப் பிரிவுகள் 200 பக்கத்துக்கு வெட்டிக்கொள்கின்றன, எதற்கென்று எனக்குக் கடைசி வரை பிடிபடவில்லை. ஒரு பாடபேதத்தை, அதாவது ஒரே வரி ஒரு படியில் ஒரு மாதிரியும் இன்னொரு படியில் வேறு மாதிரியும் இருப்பதை, நடுவில் போடுங்கள், காரணம் கிடைத்துவிடும்.

அப்புறம், அது எதில் எழுதிய சுவடி? ஓரிடத்தில் தாள், ஓரிடத்தில் தோல், உச்சக்கட்டத்தில் பொன்னேடு. தோல் என்றால் ஒரு மந்தையே வேண்டும். அது மலிவான சரக்கில்லை என்பதால்தான் பழைய எழுத்தைச் சுரண்டிவிட்டு மேலே எழுதினார்கள். ஆர்க்கிமிடீஸின் கணிதத்தைத் தாங்கிய 10-ஆம் நூற்றாண்டுப் படி ஒன்றை 1229-இல் அப்படிச் சுரண்டிப் பிரார்த்தனைப் புத்தகமாக்கிவிட்டார்கள். வேடிக்கை என்னவென்றால், பிரார்த்தனைப் புத்தகம் என்று பத்திரப்படுத்தியதால் அடியில் இருந்த கணிதமும் பிழைத்தது. உங்கள் திருநூலுக்கு அடியில் யாருடைய எழுத்து இருந்தது? அதைச் சொல்லியிருந்தால் விடிய விடியப் படித்திருப்பேன்.

கற்பனைச் சுவடிக்கு இவ்வளவு மெனக்கெட வேண்டுமா என்பீர்கள். ‘தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்’ என்ற மாய உலக நாவலை எழுதிய டோல்கீன், தம் கதையில் வரும் சிதைந்த பதிவேட்டின் பக்கங்களைத் தாமே எழுதி, கிழித்து, புகைக்குழாயால் கருக்கி, கறையும் படியவைத்தார். வண்ணத்தில் அச்சிடச் செலவாகும் என்று 1954-இல் பதிப்பகத்தார் சேர்க்காமல் விட்டார்கள். ஆனாலும் கதைக்குள் அதைப் படிக்கிறவர் பாதிச் சொல் கிடைக்காமல் தடுமாறித்தான் படிக்கிறார்.

உங்கள் தீர்க்கதரிசனத்துக்கு வருகிறேன்: ‘வடக்கிலிருந்து வருபவன் கொடை தருவான்.’ பழைய ஓலைகளில் கொகரமும் கோகாரமும் ஒரே மாதிரிதான் இருக்கும், தெரியுமல்லவா? அந்த வழக்கத்தை உங்கள் உலகத்துக்கும் கொடுத்துவிடுங்கள். வருகிறவன் கொடை தருவானா, கோடை தருவானா என்று ஊர் இரண்டுபடட்டும். உங்கள் கதாநாயகனுக்கே 400-ஆம் பக்கம் வரை தெரிய வேண்டாம். திருத்தி அனுப்புங்கள், மறுபடி படிக்கிறேன். பூச்சிக்கும் இரண்டு வரி தின்னக் கொடுங்கள்.