கோர்ட்டு கொடுத்த 12 வாரம்

கேள்வி: வக்கீல் சாருக்கு வணக்கம். குலசேகரம் பக்கம் எனக்குச் சொந்தமான 22 சென்ட் ரப்பர் விளையை, என் கையெழுத்தைப் போலியாகப் போட்டு, எனக்குப் பதிலாக விற்க அதிகாரம் கொடுப்பதுபோல் ஒரு பவர் பத்திரம் தயாரித்து விற்றுவிட்டார்கள். எப்.ஐ.ஆர். இரண்டு வருஷமாகக் கிடப்பில் கிடந்ததால் மதுரை ஹைகோர்ட்டுக்குப் போனோம். ‘உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரத்துக்குள் விசாரணையை முடித்து இறுதி அறிக்கை தாக்கல் செய்ய வேண்டும்’ என்று உத்தரவானது. 10.7.2025 அன்று என் மகன் நகலை ஸ்டேஷனில் கொண்டு கொடுத்தான். அந்த இன்ஸ்பெக்டர் இப்போது மாறிப் போய்விட்டார். புதியவர், ‘அப்படி ஒரு ஆர்டர் என் கைக்கு வரல்லியே’ என்கிறார். அவமதிப்பு வழக்கு போடலாமா?
- ஒரு வாசகி

பதில்: போடலாம் அம்மா. அதற்கு முன் மகனிடம் ஒன்று கேளுங்கள். நகலைக் கொடுத்தபோது, இன்னொரு பிரதியில் ஸ்டேஷன் சீலும் தேதியும் வாங்கினானா? உங்கள் வழக்கு முழுக்க அந்தச் சீலில் இருக்கிறது. என் கட்சிக்காரர் ஒருவர், பதிவுத் தபாலில் நகல் அனுப்பியதற்கு வந்த ஒப்புகை அட்டையைப் பத்திரமாகத்தான் வைத்திருந்தார். இடவப்பாதி மழையில் நனைந்துவிட்டதென்று ரப்பர் ஷீட்டோடு புகைப்புரையில் காயப்போட்டார். திரும்ப எடுத்தபோது அட்டை இருந்தது, தேதியைக் காணோம். முதலிலிருந்து ஆரம்பித்தோம்.

சீல் இருந்தால் கணக்கு எளிது. 10.7.2025-லிருந்து 84 நாள் என்றால் 2.10.2025-ல் கெடு முடிந்தது. 1971-ம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20-வது பிரிவுப்படி, அதிலிருந்து ஒரு வருஷத்துக்குள் மனு போட்டுவிட வேண்டும். ‘புது இன்ஸ்பெக்டர் நல்லவரா இருக்காரு, பார்ப்போம்’ என்று காத்திருந்து அந்த வருஷத்தைத் தொலைத்தவர்கள் நிறைய. சீல் இல்லையா? வக்கீல் மூலம் நகலை மறுபடி இன்ஸ்பெக்டருக்கும் எஸ்.பி.க்கும் ஒப்புகை அட்டையோடு அனுப்புங்கள். இன்னொரு 12 வாரம் போகும். எரிச்சல்தான், வேறு வழியில்லை.

இன்ஸ்பெக்டர் மாறியது பெரிய தடை கிடையாது. கெடு யார் பொறுப்பில் இருந்தபோது ஓடியது, உத்தரவு தெரிந்த பிறகும் யார் கிடப்பில் போட்டார் என்று பார்த்து, அவரைப் பெயர் சொல்லியே எதிர்மனுதாரர் ஆக்க வேண்டும்.

சட்டத்தில் முக்கியமான சொல் ‘வேண்டுமென்றே’. தாமதம் மட்டும் அவமதிப்பு ஆகாது. போலிக் கையெழுத்து வழக்கில் போலீஸ் வழக்கமாகச் சொல்வது, ‘தடய அறிவியல் ஆய்வகத்திலிருந்து ரிப்போர்ட் வரவில்லை’ என்பது. சில சமயம் உண்மையாகவும் இருக்கும், கோர்ட்டும் அவகாசம் கொடுக்கும். ஆவணத்தை ஆய்வகத்துக்கு எந்தத் தேதியில் அனுப்பினார்கள் என்று கேட்கச் சொல்லுங்கள். கெடு முடிந்த பிறகு அனுப்பியிருந்தால் அந்தச் சமாதானம் நிற்காது.

தண்டனை அதிகபட்சம் ஆறு மாத வெறுங்காவல், 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். மன்னிப்புக் கேட்டு, கோர்ட்டு ஏற்றுக்கொண்டால் அதுவும் இல்லை. நான் பார்த்த வரையில் அவமதிப்பு நோட்டீஸ் போனதுமே பைல் நகர ஆரம்பித்துவிடும். வாய்தாவுக்கு முந்தின நாள் ‘இறுதி அறிக்கை போட்டாச்சு’ என்பார்கள். உடனே நம்பிவிடாதீர்கள். மாஜிஸ்திரேட் கோர்ட்டில் கோப்பில் ஏறியதா, குறை சொல்லித் திருப்பிவிட்டார்களா என்று பாருங்கள். அது குற்றப்பத்திரிகை என்றால், கோர்ட்டு அதற்குக் கொடுத்த வழக்கு எண்ணான சி.சி. நம்பரைக் கேளுங்கள்.

அந்த அறிக்கை ‘குற்றமே நடக்கவில்லை’ என்று வழக்கை முடிக்கிற அறிக்கையாகவும் இருக்கலாம். அப்போது அவமதிப்பு மனு பெரும்பாலும் அங்கேயே முடிந்துவிடும். உத்தரவுப்படி அறிக்கை தாக்கல் ஆனதா என்பதைத்தான் அதில் பார்ப்பார்கள், விசாரணை ஒழுங்காக நடந்ததா என்பதை அல்ல. அதற்கு மாஜிஸ்திரேட் முன்னால் ஆட்சேப மனு போட வேண்டும். உங்களுக்கு நோட்டீஸ் கொடுக்காமல் அவர் அந்த அறிக்கையை ஏற்க முடியாது.

ஒவ்வொரு வாய்தாவுக்கும் வடசேரியில் ராத்திரி பஸ் ஏறி, மாட்டுத்தாவணியில் இறங்கி, ஹைகோர்ட்டு இருக்கிற ஒத்தக்கடைக்கு நீங்கள் அலைய வேண்டியதில்லை. வக்கீல் போனால் போதும். கோர்ட்டு நேரில் வரச் சொன்னால் அந்த பஸ்ஸைப் பிடிக்க வேண்டியவர் இன்ஸ்பெக்டர்.