படமாகத்தான் தோன்றுகிறது, எழுத வரவில்லை

கேள்வி: நான் ஓவியம் வரைகிறவள். தனியாக ஒரு குறும்படம் எடுக்க ஆசை. முழுத் திரைக்கதையும் எழுதிவிட்டுத்தான் கேமராவைத் தொட வேண்டும் என்கிறார்கள். எழுத உட்கார்ந்தால் ஒன்றும் ஓடவில்லை, காட்சிகளாகத்தான் தோன்றுகிறது. என்ன செய்வது?

பதில்: தோன்றுவதிலிருந்தே தொடங்குங்கள். பல பேர் சேர்ந்து வேலை செய்யும்போது எல்லோர் கையிலும் ஒரே தாள் இருக்க வேண்டும், செலவுக்குக் கணக்குப் போட வேண்டும், அதற்குத் திரைக்கதை இல்லாமல் முடியாது. தனி ஆளுக்கு அந்தக் கட்டாயம் கிடையாது.

தென்னாப்பிரிக்க ஓவியர் வில்லியம் கென்ட்ரிட்ஜ் 1989லிருந்து எடுத்துவரும் கரி ஓவிய அனிமேஷன் படங்களை அவசியம் பாருங்கள். தாளில் கரியால் வரைவார், கேமராவிடம் போய் ஓரிரு ஃபிரேம், அதாவது ஒற்றை நிலைப்படம், எடுப்பார், திரும்பி வந்து கொஞ்சம் அழித்துக் கொஞ்சம் மாற்றி வரைவார், மறுபடி கேமரா. இப்படியே ஒரு காட்சி முழுவதும் பெரும்பாலும் ஒரே தாளில் முடிந்துவிடும். கரி முழுதாக அழியாது இல்லையா, அதனால் ஓர் உருவம் நகர்ந்து போனதும் அது இருந்த இடத்தில் சாம்பல் நிறமாக ஒரு தடம் தங்கிவிடும். வேறொருவர் அதைக் கறை என்று துடைத்திருப்பார். நிறவெறி ஆட்சியைப் பார்த்த ஒரு நாட்டைப் பற்றிய படத்தில், அழித்தாலும் போகாத அந்தத் தடம் எவ்வளவு பெரிய விஷயம் என்று யோசித்துப் பாருங்கள்! மேஜையில் உட்கார்ந்து எழுதினால் இது வராது, கையில் கரி பட்டால்தான் வரும்.

உங்களுக்கு என் யோசனை: உங்கள் ஓவியங்களில் மனதை விடாமல் பிடித்திருக்கும் ஒன்றை எடுத்து அதையே மாற்றி மாற்றி வரைந்து படம் பிடியுங்கள். வினாடிக்கு 24 ஃபிரேம், ஒவ்வொரு மாற்றத்துக்கும் இரண்டு ஃபிரேம் என்றால் ஒரு வினாடிக்கு 12 மாற்றம். அரை நிமிடம் எடுத்துப் பார்த்தாலே எது நகர விரும்புகிறது, எது அப்படியே நிற்க வேண்டும் என்று தெரிந்துவிடும், கதையும் பெரும்பாலும் அங்கேதான் பிடிபடும். அப்புறம் எழுதுங்கள், யார் வேண்டாம் என்றார்கள்?

கேள்வி: நல்ல வீடியோ கேமரா இல்லாமல் படம் எடுக்க முடியுமா?

பதில்: தாராளமாக. பிரெஞ்சு இயக்குநர் க்ரிஸ் மார்க்கர் 1962இல் எடுத்த 'லா ஜெத்தே' ஏறக்குறைய முழுக்கப் புகைப்படங்களால் ஆனது. தூங்கும் பெண்ணின் படங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்துகொண்டே இருக்கும், திடீரென அவள் கண் திறந்து இமைப்பாள். அங்கே மட்டும்தான் படம் அசையும். அந்தச் சில வினாடிகள் தரும் அதிர்ச்சிக்கு எந்த விலையுயர்ந்த லென்ஸும் ஈடாகாது. கையில் காசு இருந்தால் ஒலிக்குச் செலவழியுங்கள். மங்கலான படத்தைப் பார்வையாளர் பொறுத்துக்கொள்வார், இரைச்சலான ஒலியைப் பொறுக்க மாட்டார்.

கேள்வி: நான் எடுப்பது யாருக்கும் புரியாமல் போய்விடுமோ என்று பயமாக இருக்கிறது.

பதில்: எடிட்டிங் முடிவதற்குள் இரண்டு மூன்று பேருக்குப் போட்டுக் காட்டுங்கள். விளக்கம் சொல்லாதீர்கள். "பிடித்ததா?" என்றும் கேட்காதீர்கள், மரியாதைக்கு நன்றாக இருக்கிறது என்றுதான் சொல்வார்கள். என்ன பார்த்தீர்கள், எந்த இடத்தில் கவனம் போய்விட்டது என்று கேளுங்கள். எல்லோரும் ஒரே இடத்தைச் சொன்னால் அங்கே கத்தரியுங்கள். ஆளுக்கொரு அர்த்தம் சொன்னால் அப்படியே விட்டுவிடுங்கள், படம் நன்றாகத்தான் இருக்கிறது.